தடையுத்தரவும் தொழிலாளர் போராட்டமும்



நீதிமன்ற அவமதிப்பு என்ற சொல்லைக் கேட்டதும், நீதிபதியை ஏசுவது அல்லது கோர்ட்டுக்குள் கூச்சல் போடுவது என்றுதான் நம்மில் பலர் எண்ணிக் கொள்கிறோம். அதுவும் அவமதிப்புதான். ஆனால் தொழிலாளர் தகராறுகளில் பெரும்பாலும் எழுவது வேறொரு வகை. நீதிமன்றம் ஒன்றைச் செய் என்று கட்டளையிட்டிருக்க அதைச் செய்யாமல் இருப்பதும், செய்யாதே என்று தடுத்திருக்க அதைச் செய்வதும் அவமதிப்பே ஆகும். வாய் திறந்து ஒரு தகாத சொல்லும் பேசாத மனிதர்கூட இந்தக் குற்றத்துக்கு ஆளாகலாம். கோலசிலாங்கூர், ஈஜோக், புக்கிட் ரோத்தான், பத்தாங் பெர்ஜுந்தை வட்டாரத் தோட்டங்களில் வாழும் நம்முடைய குடும்பங்கள் இந்த வேறுபாட்டை நன்றாக அறிந்து வைத்திருக்க வேண்டும். இன்றைய பேச்சில் இது எப்படி வந்தது, நம்மவர் வாழ்வை எப்படித் தொட்டது என்பதைப் பார்ப்போம்.

வேலைநிறுத்தம் என்பது பல பேர் ஒன்றுசேர்ந்து கையைக் கட்டிக் கொண்டு நிற்பது. ஆயிரம் பேரைப் பிடித்துச் சிறையில் அடைப்பது எந்த அரசுக்கும் எளிதன்று. ஆகவே முதலாளிமார் சென்ற நூற்றாண்டுக்கு முன்பே ஒரு குறுக்குவழியைக் கண்டு கொண்டார்கள். ஆயிரம் பேரை விட்டுவிட்டு, அவர்களுக்கு முன்னால் நின்று பேசுகிற நாலு பேர் மீது மட்டும் நீதிமன்றத்தில் வழக்குப் போடுவார்கள். வழக்கு முடியும்வரை இவர்கள் பேசக் கூடாது, ஆட்களைத் தடுக்கக் கூடாது என்று இடைக்காலத் தடையுத்தரவு கேட்பார்கள். தடையுத்தரவு கிடைத்துவிட்டால் நிலைமை மாறிவிடும். அதுவரை முதலாளியோடு இருந்த சண்டை, அந்த நிமிடம் முதல் நீதிமன்றத்தோடு சண்டையாகி விடுகிறது. தலைவர் மறுபடியும் மேடையேறினால், கூலி உயர்வு கேட்டதற்காக அல்ல, கட்டளையை மீறியதற்காகச் சிறை செல்ல நேரும். கூலி கேட்டது நியாயமா இல்லையா என்ற கேள்வி அங்கே எழவே எழாது.

தமிழ்த் தொழிலாளர் வரலாற்றில் இது முதன்முதலில் பெரிய அளவில் நடந்த இடம் சென்னை நகரம். நம் பாட்டன்மார் சென்னையிலும் நாகப்பட்டினத்திலும் கப்பலேறி மலாயாவுக்கு வந்து கொண்டிருந்த அதே காலம் அது. பெரம்பூர்ப் பகுதியில் பின்னி கம்பெனியின் நிர்வாகத்தில் பக்கிங்காம் ஆலை, கர்நாடிக் ஆலை என்ற இரண்டு பெரிய துணி ஆலைகள் இருந்தன. மதிய உணவுக்குப் போதிய நேரமில்லை, மேலாட்களின் கொடுமை தாங்கவில்லை, கூலி கட்டவில்லை என்பவை அங்கிருந்த தொழிலாளர்களின் குறைகள். செல்வபதி செட்டியார், இராமானுஜலு நாயுடு ஆகிய இருவரும் முயன்று, அன்னி பெசன்ட் அம்மையாரின் துணைவராக இருந்த பி. பி. வாடியாவை அழைத்து வந்தார்கள். 1918 ஏப்ரல் 27-ஆம் நாள் சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது. வாடியா அதன் தலைவர். தமிழ்த்தென்றல் திரு. வி. கலியாணசுந்தரனாரும் அதில் முன்னின்று உழைத்தார். இந்தியாவில் முறையாக அமைந்த முதல் தொழிற்சங்கம் என்று இதனைச் சொல்வார்கள்.

1920-ஆம் ஆண்டின் இறுதியில் பக்கிங்காம் ஆலையில் தகராறு முற்றியது. நிர்வாகம் கதவடைப்புச் செய்தது. 1920 டிசம்பரில் போலீசார் சுட்டதில் தொழிலாளர்கள் உயிரிழந்தார்கள். இதற்கிடையில் கம்பெனி சென்னை உயர்நீதிமன்றத்தை நாடியது. வேலை ஒப்பந்தத்தை மீறும்படி தொழிலாளர்களைத் தூண்டினார்கள் என்று சொல்லி, வாடியா மீதும் சங்கத்தைச் சேர்ந்த மற்றவர்கள் மீதும் நஷ்டஈடு கேட்டு வழக்குத் தொடுத்தது. வேலைக்குத் திரும்பாதீர்கள் என்று தொழிலாளர்களைத் தூண்டக் கூடாது என உயர்நீதிமன்றம் சங்கத் தலைவர்களுக்கு இடைக்காலத் தடையுத்தரவு போட்டது.

நேயர்களே, இதன் பொருளைச் சற்று எண்ணிப் பாருங்கள். தொழிலாளி கம்பெனியோடு பேச முடியாது என்பதற்காகத்தான் சங்கத்தை வைத்தான். சங்கத் தலைவர் தொழிலாளியோடு பேசினால் சிறை என்றால் அந்தச் சங்கம் எதற்கு? தடையை மீறினால் அவமதிப்பு. மீறாவிட்டால் சங்கம் ஊமை. முடிவில், 1921 தொடக்கத்தில் ஓர் உடன்பாடு ஏற்பட்டது. வாடியா தொழிற்சங்கப் பணியிலிருந்து விலகினார். கம்பெனி வழக்கைத் தொடராமல் விட்டது. ஒரு தாளில் எழுதிய கட்டளை, துப்பாக்கியால் முடியாததைச் செய்துவிட்டது.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. சென்னையில் நடந்தது இந்தியா முழுவதும் பேசப்பட்டது. தொழிற்சங்கத்துக்குச் சட்டப் பாதுகாப்பு இல்லாவிட்டால் எந்தத் தலைவருக்கும் இதே கதிதான் என்பது எல்லாருக்கும் விளங்கியது. 1921 மார்ச்சில் என். எம். ஜோஷி மத்திய சட்டசபையில், தொழிற்சங்கங்களைப் பதிவு செய்து பாதுகாக்கச் சட்டம் வேண்டும் என்று தீர்மானம் கொண்டு வந்தார். ஐந்தாண்டுகள் கழித்து 1926-இல் இந்தியத் தொழிற்சங்கச் சட்டம் நிறைவேறி, 1927 ஜூன் முதல் தேதி நடைமுறைக்கு வந்தது. தொழில் தகராறின் போது வேலை ஒப்பந்தத்தை மீறத் தூண்டினார் என்ற ஒரே காரணத்துக்காகப் பதிவு பெற்ற சங்கத்தின் மீதோ அதன் நிர்வாகிகள் மீதோ சிவில் வழக்குப் போட முடியாது என்று அச்சட்டம் சொல்லியது. வாடியாவின் வாயைக் கட்டிய கயிறு அவிழ்ந்தது.

இங்கிலாந்திலும் இதே பாதைதான். அங்கே டாஃப் வேல் இரயில் கம்பெனி, தன் தொழிலாளர் செய்த வேலைநிறுத்தத்துக்காகச் சங்கத்தின் மீது வழக்குப் போட்டது. 1901-இல் பிரபுக்கள் சபை கம்பெனியின் பக்கம் தீர்ப்பளித்தது. சங்கம் 23,000 பவுன் நஷ்டஈடு கட்ட வேண்டியதாயிற்று. அந்த அடியில் விழித்துக் கொண்ட தொழிலாளர்கள் தங்கள் வாக்குகளைத் திரட்டினார்கள். 1906-இல் புதிய சட்டம் பிறந்து சங்கங்களைக் காத்தது.

இனி நம்முடைய மண்ணுக்கு வருவோம். இங்கே ஒப்பந்தக் கூலி முறை 1910-இல் நிறுத்தப்பட்டது. அதற்கு முன் வேலையை விட்டு ஓடினாலே குற்றம். மேஜிஸ்திரேட்டின் முன் நிறுத்தித் தண்டிப்பார்கள். பிறகு கங்காணி முறையில் வந்தவர்களுக்கு அந்தக் கட்டு தளர்ந்தாலும், துரையை எதிர்த்துப் பேச ஒரு சங்கம் கிடையாது. தொழிற்சங்கச் சட்டம் ஒன்று 1940-இல் எழுதப்பட்டது. ஆனாலும் 1946 முதலே சங்கங்கள் அதன்படி பதிவாகத் தொடங்கின. இந்த இடைவெளியில்தான் 1941-ஆம் ஆண்டின் போராட்டம் நடந்தது.

கிள்ளான் வட்டார இந்தியர் சங்கத்தின் தலைவராக இருந்தவர் ஆர். எச். நாதன். இவர் பத்திரிகையாளர். ரப்பர் விலை உயர்ந்திருந்தும் தமிழ்த் தொழிலாளியின் கூலி உயரவில்லை. சீனத் தொழிலாளிக்குக் கிடைத்த கூலியும் அவனுக்கு இல்லை. 1941-இன் முற்பகுதியில் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் தொடங்கிய வேலைநிறுத்தம் சிலாங்கூரின் பிற தோட்டங்களுக்கும் பரவியது. அவர்கள் வைத்த கோரிக்கைகளை இன்று படித்தாலும் நெஞ்சு கனக்கிறது. கூலி மட்டும் அல்ல; பிள்ளைகளுக்குக் கல்வி, நல்ல வைத்தியம், கள்ளுக்கடைகளை மூடுதல், பெண்களிடம் யாரும் தவறாக நடவாதிருத்தல், உறவினர் தடையின்றி வந்து போதல், துரையும் கிராணியும் எதிரே வரும்போது சைக்கிளை விட்டு இறங்க வேண்டியதில்லை என்ற அனுமதி, குறைகளை எடுத்துச் சொல்பவரைப் பழிவாங்காதிருத்தல், சங்கம் அமைக்கும் உரிமை ஆகியவை அவற்றுள் அடங்கும். சைக்கிளில் அமர்ந்தபடி போவதற்குக்கூடப் போராட வேண்டியிருந்த காலம் அது!

1941 மே 5-ஆம் நாள் நாதன் கைது செய்யப்பட்டார். அவரை விடுவிக்கக் கோரித் தொழிலாளர்கள் திரண்டார்கள். மே 16-ஆம் நாள் சிலாங்கூர் மாநிலத்தில் அவசர நிலை அறிவிக்கப்பட்டு, இராணுவம் தோட்டங்களுக்குள் வந்தது. துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் ஐவர் மாண்டார்கள். நூற்றுக்கணக்கானோர் பிடிபட்டனர். நாதன் இந்தியாவுக்கு நாடு கடத்தப்பட்டார். வேறு பலரும் அவ்வாறே அனுப்பப்பட்டனர்.

இங்கேதான் நாம் கவனிக்க வேண்டிய செய்தி இருக்கிறது. வாடியாவுக்கு எதிராகச் சென்னையில் தடையுத்தரவு வந்தது. அது கொடுமைதான். ஆயினும் அங்கே ஒரு நீதிமன்றம் இருந்தது. அவர் சார்பில் வக்கீல் நின்று வாதாட ஓர் இடம் இருந்தது. நடந்தது ஏட்டில் பதிவாயிற்று. அந்தப் பதிவே பின்னால் சட்டத்தை மாற்ற உதவியது. சிலாங்கூரில் நாதனுக்கு அந்த இடமே இல்லை. அவரைக் குற்றம் சாட்டிக் கூண்டில் ஏற்றி, சாட்சி விசாரித்துத் தீர்ப்புச் சொல்லவில்லை. அரசாங்கம் ஓர் ஆணையைப் போட்டது, கப்பல் புறப்பட்டது. பதில் சொல்ல ஓர் இடம் இருப்பதும் இல்லாமல் இருப்பதும் ஒன்றல்ல. நீதிமன்றம் தொழிலாளிக்கு எதிரி என்று ஒரே வரியில் சொல்லிவிட முடியாது என்பதை நம் வட்டாரத்து வரலாறே காட்டுகிறது.

போருக்குப் பின் நிலைமை மெல்ல மாறியது. 1954-இல் பல சங்கங்கள் ஒன்றாகித் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் பிறந்தது. பி. பி. நாராயணன் அதனை நெடுங்காலம் வழிநடத்தினார். 1959-ஆம் ஆண்டின் தொழிற்சங்கச் சட்டம், தொழில் தகராறில் சங்கம் செய்யும் முறையான செயல்களுக்குப் பாதுகாப்புத் தந்தது. 1967-இல் தொழில் உறவுச் சட்டம் வந்தது. தொழில் நீதிமன்றமும் இச்சட்டத்தின்கீழ் இயங்குகிறது.

இந்தச் சட்டத்தில் இரண்டு பிரிவுகளை நாம் சேர்த்துப் பார்க்க வேண்டும். ஒன்று, 44-ஆம் பிரிவு. ஒரு தகராறு தொழில் நீதிமன்றத்துக்கு அனுப்பப்பட்டு, அது பற்றி இரு தரப்புக்கும் அறிவிப்பு வந்துவிட்டால், அதற்காக வேலைநிறுத்தம் செய்யவும் கூடாது, கதவடைப்புச் செய்யவும் கூடாது. அமைச்சர் தாமாகவே தகராறை அனுப்பி வைக்கவும் சட்டத்தில் இடமுண்டு. இது தொழிலாளியின் கையைக் கட்டுகிறது என்று தொழிற்சங்கவாதிகள் குறைகூறி வந்திருக்கிறார்கள். அந்தக் குறையில் நியாயம் உண்டு. மற்றொன்று, 56-ஆம் பிரிவு. தொழில் நீதிமன்றம் அளித்த தீர்ப்பையோ, கூட்டு ஒப்பந்தத்தையோ முதலாளி நிறைவேற்றவில்லை என்றால், சங்கமோ தொழிலாளியோ அதே நீதிமன்றத்தில் புகார் செய்யலாம். நிறைவேற்று என்று நீதிமன்றம் கட்டளையிடும். அதையும் மீறினால் அபராதத்துக்கும் சிறைக்கும் இடமுண்டு. தொழிலாளியை அடிக்க மட்டுமே பயன்பட்ட கோலுக்கு மறுமுனையும் உண்டாகி, அது தொழிலாளியின் கைக்கு எட்டியது. வேலைக்கு மீண்டும் எடுத்துக் கொள் என்றோ, பாக்கிப் பணத்தைக் கொடு என்றோ தீர்ப்பு வந்த பிறகும் நிர்வாகம் சும்மா இருந்தால், நம்மவர் பலர், கோர்ட்டு சொல்லியே கேட்கவில்லை, இனி யார் சொல்லிக் கேட்பார்கள் என்று சோர்ந்து போய் விடுகிறார்கள். சோர வேண்டியதில்லை. கட்டளை எல்லாருக்கும் கட்டளைதான்.

தொழிலாளர் தலைவர்கள் உண்மையிலேயே அவமதிப்புக்காகச் சிறை சென்ற ஒரு நிகழ்ச்சியையும் சொல்ல வேண்டும். நம் தோட்டங்களில் வெட்டிய பால் ரப்பராகிக் கப்பலேறிச் சென்று இறங்கிய இடங்களில் ஒன்று இலண்டன் துறைமுகம். 1972-இல் அங்கே துறைமுகத் தொழிலாளர்கள், தங்கள் வேலை சரக்குப் பெட்டக நிலையங்களுக்குப் போய்விடுகிறது என்று மறியல் செய்தார்கள். தேசியத் தொழில் உறவு நீதிமன்றம் மறியலை நிறுத்தும்படி கட்டளையிட்டது. நிறுத்தவில்லை. ஜூலை 21-ஆம் நாள் தொடங்கி ஐந்து தொழிலாளர் பிரதிநிதிகள் பென்டன்வில் சிறையில் அடைக்கப்பட்டார்கள். நாடெங்கும் வேலைநிறுத்தங்கள் வெடித்தன. ஐந்தே நாட்களில், ஜூலை 26-ஆம் நாள், அரசாங்கச் சட்ட அதிகாரி ஒருவரின் மனுவின் பேரில் அவர்கள் விடுதலையானார்கள். 1974-இல் அந்த நீதிமன்றமே எடுக்கப்பட்டது. இதைக் கேட்டு, மீறினால் வெற்றி என்று யாரும் கணக்குப் போட வேண்டாம். அவர்களுக்குப் பின்னால் இலட்சக்கணக்கான தொழிலாளர் நின்றார்கள். தனித்த ஒரு தோட்டத்தில் அறுபது குடும்பங்கள் மீறினால் அந்த அறுபது குடும்பங்கள்தாம் சுமக்க வேண்டும்.

மேடைப் பேச்சைப் பற்றியும் ஒரு சொல். கேரள முதலமைச்சராக இருந்த இ. எம். எஸ். நம்பூதிரிபாடு, 1967 நவம்பரில் பத்திரிகையாளர்களிடம் பேசும்போது, நீதிபதிகள் ஏழைக்கு எதிராகவும் பணக்காரருக்குச் சார்பாகவும் நடக்கிறார்கள் என்ற கருத்தில் பேசினார். கேரள உயர்நீதிமன்றம் அவருக்கு 1,000 ரூபாய் அபராதம் விதித்தது. 1970-இல் இந்திய உச்சநீதிமன்றம் அதை 50 ரூபாயாகக் குறைத்தது. ஆனால் குற்றம் குற்றமே என்றது. தீர்ப்பைக் குறைகூறலாம், மேல்முறையீடு செய்யலாம். நீதிபதிக்கு உள்நோக்கம் கற்பிப்பது வேறு. ஆவேசத்தில் இந்த எல்லையைத் தாண்டிவிடக் கூடாது.

நம் நாட்டில் கூட்டரசு அரசியலமைப்பின் 126-ஆம் விதி, உயர்நீதிமன்றம், மேல்முறையீட்டு நீதிமன்றம், கூட்டரசு நீதிமன்றம் ஆகியவற்றுக்கு அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரத்தை அளிக்கிறது. அதே வேளையில், குற்றம் சாட்டப்படுபவருக்கும் காவல் உண்டு. கட்டளையை மீறினார் என்று ஒருவரைச் சிறைக்கு அனுப்பக் கேட்பவர் முதலில் நீதிமன்றத்தின் அனுமதி பெற வேண்டும். கட்டளையின் நகல், மீறினால் நேரும் தண்டனை பற்றிய எச்சரிக்கையுடன், பொதுவாக உரியவர் கையிலேயே சேர்க்கப்பட்டிருக்க வேண்டும். ஏன் தண்டிக்கக் கூடாது என்று காரணம் கேட்டு அவருக்கு அறிவிப்பு வர வேண்டும். ஐயத்துக்கு இடமில்லாமல் மீறல் நிரூபிக்கப்பட வேண்டும். ஒருவருடைய உடற்சுதந்திரம் சம்பந்தப்பட்டதால்தான் இத்தனை படிகள்.

இவற்றையெல்லாம் எதற்காகச் சொல்கிறோம் என்றால், நம் வட்டாரத்தில் தோட்டங்கள் கைமாறி வருகின்றன. ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. செம்பனை போய் வீடமைப்புத் திட்டங்கள் வருகின்றன. பத்தாங் பெர்ஜுந்தை என்ற பெயரே 2007-இல் பெஸ்தாரி ஜெயா என்றாயிற்று. இப்படிப்பட்ட மாறுதலின் போது வேலை முடிப்புப் பணம், லயத்து வீடு, கோயில், பள்ளிக்கூடம் பற்றியெல்லாம் தகராறு எழுவது இயல்பு. அப்போது ஒரு நாள் மலாயிலோ ஆங்கிலத்திலோ எழுதிய தாள் ஒன்று வீட்டு வாசலுக்கு வரும். எங்களைப் போன்ற ஆசிரியர்களிடம் பெற்றோர் அத்தகைய தாள்களைக் கொண்டு வருவதுண்டு. பல வேளைகளில், வந்த அன்றே கொண்டு வராமல், கெடு கடந்த பிறகே கொண்டு வருகிறார்கள். சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்த தாள் தானாகப் பேசாது.

ஆகவே, நேயர்களே, சில காரியங்களை மனத்தில் வைப்போம். நீதிமன்றத் தாள் வந்தால் அதைக் கிழிக்காமலும் ஒளிக்காமலும் வந்த தேதியைக் குறித்து வைப்போம். அது வெறும் வக்கீல் கடிதமா, வழக்குத் தாளா, நீதிமன்றக் கட்டளையா என்பதை அன்றே தெரிந்து கொள்வோம், மூன்றும் ஒன்றல்ல. கட்டளை தவறு என்று தோன்றினால், அதை இரத்து செய்யவோ நிறுத்தி வைக்கவோ நீதிமன்றத்திலேயே மனுப் போடலாம். ஆனால் அது மாற்றப்படும்வரை கட்டளை உயிரோடு இருக்கிறது என்பதை மறக்கக் கூடாது. யார் யார் பெயர் அதில் இருக்கிறது, எதைச் செய்யக் கூடாது என்று எழுதியிருக்கிறது என்பதைச் சொல்லுக்குச் சொல் படிக்கச் செய்வோம். ஒரு வழியை அடைக்காதே என்ற கட்டளை, வாயைத் திறக்காதே என்ற கட்டளை ஆகாது. சங்கக் கிளை, தொழில் உறவு இலாகா, சட்ட உதவி இலாகா, வக்கீல் மன்றத்தின் சட்ட உதவி மையம் ஆகிய வாசல்கள் இருக்கின்றன. வேலை நீக்கமானவர், நீக்கிய நாளிலிருந்து 60 நாட்களுக்குள் தொழில் உறவு இலாகாவில் முறையிட வேண்டும் என்பதையும் மறவாதீர்கள்.

1941-இல் சிலாங்கூர்த் தோட்டங்களில் குரல் கொடுத்தவர்களுக்குப் பதில் சொல்ல ஓர் இடம் கிடைக்கவில்லை. நமக்கு அந்த இடம் இருக்கிறது. அதில் தாமதமின்றிப் போய் நின்று, நம் பக்கத்து நியாயத்தைச் சொல்வதே அவர்களுக்கு நாம் செய்யும் மரியாதை.